திருக்கணிதத்தில் ஒளிந்திருக்கும் கண்

2025ஆம் ஆண்டு மார்ச் மாதம். சமயபுரத்தில் பூச்சொரிதல் கூட்டம் வீதிகளை நிறைத்திருந்த நாட்கள். எங்கள் வீட்டுக் கூடத்தில் மட்டும் வேறொரு வழக்கு நடந்துகொண்டிருந்தது. மார்ச் 29 அன்று சனி மீன ராசிக்குப் பெயர்கிறார் என்று அண்ணி சொன்னார். அவர் பார்ப்பது திருக்கணிதப் பஞ்சாங்கம். பெரியப்பா பார்ப்பது வாக்கியப் பஞ்சாங்கம். அதன்படி பெயர்ச்சி 2026 மார்ச் 6 அன்றுதான். திருநள்ளாறு கோயிலாரும் வாக்கியத்தையே பின்பற்றுவதாக அறிவித்துவிட்டதால் பெரியப்பாவின் குரல் சற்று ஓங்கியே இருந்தது. பரிகாரத்துக்கு நாள் குறிக்கவேண்டிய அம்மா இருவருக்கும் நடுவில் அகப்பட்டுக்கொண்டார்.

எனக்குச் சனிப்பெயர்ச்சியில் பெரிய ஈடுபாடில்லை. ஆயினும் ஒரு கேள்வி மனத்தில் தங்கிவிட்டது. வானத்தில் இருப்பது ஒரே சனி. அது ஆண்டுக்குச் சுமார் 12 பாகை நகர்கிறது. இரண்டு பஞ்சாங்கங்களுக்கிடையே ஏறக்குறைய ஓராண்டு இடைவெளி என்றால், இரண்டும் சனியை வானத்தில் ஏழெட்டுப் பாகை தள்ளித்தள்ளி நிறுத்துகின்றன என்று பொருள். கையை நீட்டி முட்டியை மடக்கிப் பிடித்தால் வானத்தில் அது மறைக்கும் அகலம் சுமார் 10 பாகை. அவ்வளவு பெரிய வேறுபாட்டைத் தீர்த்துவைக்க ஒருவர் மொட்டை மாடிக்கு ஏறிப் பார்த்தால் போதாதா?

விடை ‘திருக்கணிதம்’ என்ற சொல்லிலேயே இருக்கிறது. திருமகள், திருவரங்கம் என்பவற்றில் வரும் ‘திரு’ அன்று அது. வடமொழியில் ‘த்ருக்’ என்றால் பார்வை. பார்வையோடு பொருந்திய கணிதம் திருக்கணிதம். தமிழ் நாவில் உருண்டு உருண்டு அந்தக் கண் ‘திரு’வுக்குள் ஒளிந்துகொண்டது. அந்தக் கண்ணுக்குத் தொலைநோக்கி கிடைத்தபின் நம் நாட்டில் என்ன நடந்தது என்பதே இக்கட்டுரையின் பொருள்.

*

முதலில் ஒன்றைத் தெளிவுபடுத்திவிட வேண்டும். வாக்கியம் பழையது, திருக்கணிதம் மேனாட்டுச் சரக்கு என்றொரு எண்ணம் பலரிடம் உண்டு. அது சரியன்று. வாக்கிய முறையில் கோள்களின் நிலைகள் எண்களைக் குறிக்கும் எழுத்துத் தொடர்களாக மாற்றப்பட்டு மனப்பாடம் செய்யப்பட்டன. சந்திரனுக்கு மட்டும் 248 வாக்கியங்கள். வானத்தைப் பாராமலே, ஏட்டைப் புரட்டாமலே கணக்கிட்டுவிடலாம் என்பது அதன் பேராற்றல். வானத்தைப் பாராமலே கணக்கிட்டுவிடலாம் என்பதே அதன் பலவீனமும். சிறு பிழைகள் ஆண்டுதோறும் சேர்ந்து நூற்றாண்டுகளில் பெரிதாகிவிடும். இதை உணர்ந்த கேரளத்துப் பரமேசுவரர் பல்லாண்டுகள் கிரகணங்களைத் தாமே பார்த்துப் பதிவுசெய்து, 1431இல் ‘த்ருக்கணிதம்’ என்ற பெயரிலேயே ஒரு நூல் எழுதினார். கலீலியோ தொலைநோக்கியை வானத்தை நோக்கித் திருப்புவதற்கு 178 ஆண்டுகளுக்கு முன்பு அது. கணக்கைக் கண்ணால் சரிபார்க்கவேண்டும் என்ற கட்டளை நம் மரபுக்குள்ளிருந்தே எழுந்தது. வெளியிலிருந்து வந்தது கருவி மட்டும்தான்.

அந்தக் கருவி தமிழகத்துக்குச் சற்று விரைவாகவே வந்தது. 1609-10இல் கலீலியோ நிலவின் மலைகளையும் வியாழனின் நான்கு துணைக்கோள்களையும் கண்டார். எண்பது ஆண்டுகள் கழித்து, 1689 டிசம்பரில், புதுச்சேரியில் ரிஷோ என்ற பிரெஞ்சு ஏசுசபைப் பாதிரியார் தம்முடைய 12 அடித் தொலைநோக்கியில் ஒரு வால்வெள்ளியைப் பார்த்துக்கொண்டிருந்தார். அப்போது ஆல்பா சென்டாரி என்ற ஒளிமிக்க விண்மீன் ஒன்றல்ல, இரண்டு என்பது அவர் கண்ணில் பட்டது. இந்திய மண்ணிலிருந்து தொலைநோக்கியால் நிகழ்ந்த முதல் கண்டுபிடிப்பாக இது கருதப்படுகிறது.

இதில் நம் ஊரின் அட்சரேகைக்கும் ஒரு பங்கு உண்டு. பாரிசிலிருந்தோ லண்டனிலிருந்தோ அந்த விண்மீன் ஒருபோதும் அடிவானத்துக்கு மேலே எழுவதில்லை. சமயபுரம் 11ஆம் பாகையை ஒட்டி இருப்பதால் நமக்கு அது தெற்கே 18 பாகை உயரம் வரை ஏறிவரும். ஜூன் மாத நடுவில் இரவு ஒன்பது மணிக்குத் தெற்கு நோக்கி நின்றால், திருச்சியின் ஒளிமூட்டத்துக்கு மேலே, திரிசங்குக்குக் கிழக்கே அதைக் காணலாம். ஐரோப்பியரின் கருவி இந்த அட்சரேகைக்கு வந்தபோது அவர்கள் அறியாத வானம் ஒன்று அதற்குத் திறந்தது.

*

புதுச்சேரியில் இன்னொரு கதையும் நிகழ்ந்தது. வெள்ளிக்கோள் சூரியனின் முகத்தைக் கடந்து செல்லும் அரிய நிகழ்வைப் பார்ப்பதற்காக லெ ஜெந்தில் என்ற பிரெஞ்சு வானியலாளர் 1760இல் கப்பலேறினார். அந்தக் கடப்பை உலகின் பல இடங்களிலிருந்து அளந்தால் பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தொலைவைக் கணக்கிட்டுவிடலாம் என்பது அக்காலத்துப் பெருங்கனவு. அவர் வந்து சேருமுன் புதுச்சேரி ஆங்கிலேயர் கையில் வீழ்ந்தது. 1761 ஜூன் 6 அன்று, ஆடும் கப்பலின் தளத்திலிருந்து பயனற்ற முறையில் அதைப் பார்க்க நேர்ந்தது. அடுத்த கடப்பு எட்டாண்டு கழித்து வருவதால் அவர் ஊர் திரும்பாமல் தங்கிவிட்டார். 1768இல் புதுச்சேரி சேர்ந்து, கருவிகளைப் பொருத்திக் காத்திருந்தார். 1769 ஜூன் மாதம் அந்த விடியற்காலையில் மேகம் சூழ்ந்தது. கடப்பு முடிந்தபின் விலகியது. பிரான்சுக்குத் திரும்பியபோது அவர் இறந்துவிட்டதாகவே ஊரார் முடிவுகட்டியிருந்தார்கள்.

இந்தச் சோகக்கதை பலமுறை சொல்லப்பட்டுவிட்டது. அவ்வளவாகச் சொல்லப்படாதது, காத்திருந்த மாதங்களில் அவர் செய்த வேலை. புதுச்சேரித் தமிழர் ஒருவரிடம் அவர் நம் கணித முறையைக் கற்றார். மனப்பாடமான வாக்கியங்களையும் சோழிகளையும் மட்டுமே வைத்துக்கொண்டு அந்தத் தமிழர் கணக்கிட்டார். 1765 ஆகஸ்ட் 30இல் நிகழ்ந்த சந்திர கிரகணம் எவ்வளவு நேரம் நீடித்திருக்கவேண்டும் என்ற கணக்கில் அவருடைய பிழை 41 விநாடி. ஐரோப்பாவின் மிகச் சிறந்ததாகக் கருதப்பட்ட டோபியாஸ் மேயரின் அட்டவணை தந்த பிழை 68 விநாடி. லெ ஜெந்தில் இதை நேர்மையாக எழுதிவைத்தார். ஒரே ஒரு கிரகணத்தைக் கொண்டு ஒரு முறையை மற்றொன்றைவிட உயர்ந்ததென்று சொல்லிவிட முடியாது. ஆனாலும் அந்தச் சோழிகள் வெறும் சோழிகள் அல்ல என்பது விளங்கும்.

எண்கள் மிஞ்சியிருக்கின்றன. அந்தத் தமிழரின் பெயர்தான் கதையில் நிற்கவில்லை.

*

1786இல் வில்லியம் பெட்ரி என்ற கும்பினி அதிகாரி எழும்பூரில் தம் வீட்டிலேயே ஒரு வானாய்வு நிலையத்தை ஏற்படுத்தினார். கும்பினி அதை ஏற்றுக்கொண்டு, 1792இல் நுங்கம்பாக்கத்தில் மைக்கேல் டாப்பிங் வரைந்த திட்டப்படி கட்டடம் எழுப்பியது. அதன் நடுவே கருவியைத் தாங்க சுமார் 10 டன் எடையுள்ள கருங்கல் தூண் ஒன்று நாட்டப்பட்டது. ஆசியாவில் கணித அறிவியல் ஆங்கிலேயரின் தாராள மனத்தால் முதன்முதல் ஊன்றப்பட்ட காலத்தை ஆயிரம் ஆண்டுக்குப் பின் வருவோரும் அறியவேண்டும் என்ற கருத்தில் அதன்மேல் கல்வெட்டுப் பொறித்தார்கள். பொறித்த மொழிகளுள் தமிழும் ஒன்று. பரமேசுவரர் பிறந்த நிலப்பகுதியில், சோழிக் கணக்கருடைய மொழியில், கணிதம் இங்கே இப்போதுதான் ஊன்றப்படுகிறது என்று எழுதினார்கள். தூண் இன்றும் நுங்கம்பாக்கத்து வானிலை அலுவலக வளாகத்தில் நிற்கிறது.

கல்வெட்டின் செருக்கைக் கழித்துவிட்டுப் பார்த்தால், அங்கே நடந்த வேலை மதிப்புக்குரியது. தெற்கு வடக்காக மட்டுமே அசையும் தொலைநோக்கியில் விண்மீன்கள் நடுக்கோட்டைக் கடக்கும் கணத்தை இரவிரவாகக் குறிப்பது, அதிலிருந்து இடத்தையும் நேரத்தையும் கணிப்பது என்பதே அன்றாடப் பணி. டெய்லர் 1844இல் வெளியிட்ட பட்டியலில் 11,015 விண்மீன்கள் இருந்தன. கோல்டிங்காம் 1802இல் கணித்த தீர்க்கரேகையிலிருந்து பிறந்தது சென்னை நேரம்: கிரீன்விச்சுக்கு 5 மணி 21 நிமிடம் 14 விநாடி முந்தியது. 1906இல் இந்திய நேரம் நடைமுறைக்கு வரும்வரை ரயில்கள் ஓடியது அந்த நேரத்தில்தான். திருச்சி ரயிலடியில் கைக்கடிகாரத்தைத் திருத்திக்கொண்டவர்கள், தம்மையறியாமலே ஒரு தொலைநோக்கியின் கணக்குக்குக் கட்டுப்பட்டிருந்தார்கள்.

1861இல் நார்மன் போக்சன் நிலையத்தின் பொறுப்பேற்றார். விண்மீன்களின் ஒளித்தரத்தை அளக்க உலகம் இன்றும் பயன்படுத்தும் அளவுகோல் அவர் 1856இல் முன்மொழிந்தது. வந்த சில மாதங்களில், ஏப்ரல் 17 அன்று, அவர் ஒரு குறுங்கோளைக் கண்டார். ஆசியாவிலிருந்து கண்டறியப்பட்ட முதல் குறுங்கோள் என்பதால் ‘ஆசியா’ என்றே பெயரிட்டார். தொடர்ந்து சாப்போ, சில்வியா, கமில்லா, 1885இல் வேரா. சில்வியாவைச் சுற்றி இரண்டு சிறு துணைக்கோள்கள் உலவுவது நம் நூற்றாண்டில்தான் உறுதியாயிற்று.

அவருடைய முதல் உதவியாளர் ஒரு தமிழ்நாட்டு வைணவர். பெயர் சிந்தாமணி ரகுநாதாச்சாரி. பஞ்சாங்கம் கணிக்கும் குடும்பம். இளமையிலேயே நிலையத்தில் சேர்ந்து, 1880இல் இறக்கும்வரை அங்கேயே உழைத்தார். இந்தக் கட்டுரையின் நாயகர் அவரே.

*

1867இல் ரகுநாதாச்சாரி, தெற்கு வானத்தில் தாழ்வாகத் தெரியும் ஒரு மங்கிய விண்மீனின் ஒளி மாறுபடுவதைக் கண்டார். ‘ஆர் ரெட்டிகுலி’ என்று இன்று வழங்கப்படும் அது சுமார் 280 நாட்களுக்கு ஒருமுறை பெருகித் தேயும் மாறும் விண்மீன். சென்னையில் அதன் உச்ச உயரமே 14 பாகைதான். ஐரோப்பாவிலிருந்து பார்க்கவே முடியாது. இக்காலத்துத் தொலைநோக்கி வானியலில் இந்தியர் ஒருவர் பெயரில் பதிவான முதல் கண்டுபிடிப்பு என்று அதைச் சொல்கிறார்கள்.

அடுத்த ஆண்டு, 1868 ஆகஸ்ட் 18, முழுச் சூரிய கிரகணம் தக்காணத்தின் குறுக்கே சென்றது. குண்டூரில் ஜான்சென், மசூலிப்பட்டினத்தில் போக்சன், வனபர்த்தியில் ரகுநாதாச்சாரியின் குழு. நிறமாலையில் தெரிந்த மஞ்சள் கோடு சோடியத்தின் கோடு அன்று என்பது பின்னர் உறுதியாகி, பூமியில் அதுவரை எவரும் அறியாத தனிமம் ஒன்றிடம் கொண்டுபோய்விட்டது: ஹீலியம். அதைப் பூமியில் பிரித்தெடுக்க 1895 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

1871 டிசம்பர் 12 காலை மீண்டும் ஒரு முழுக் கிரகணம். இம்முறை நிழல் நம் பக்கமாகவே வந்தது. மலபாரில் தொடங்கி நீலகிரி, அவிநாசி, புதுக்கோட்டை வழியாக யாழ்ப்பாணம் நோக்கிச் சென்றது. அவிநாசியில் சென்னைக் குழு இறங்கியது. நம் ஊரிலிருந்து ஒரு பகல் வண்டிப் பயணத்துக்குச் சற்றுக் கூடுதலான புதுக்கோட்டையில் இத்தாலியரான ரெஸ்பிகி முகாமிட்டார். தொலைநோக்கியின் முன்னே முப்பட்டகக் கண்ணாடி ஒன்றை வைத்துப் பார்த்தபோது, மறைந்த சூரியனைச் சுற்றியிருந்த ஒளிவட்டம் தனித்தனி நிறங்களில் வளையங்களாகப் பிரிந்து நின்றது. சூரியனின் வெளிவட்டத்தில் எந்தப் பொருள் எவ்வளவு தொலைவு பரவியிருக்கிறது என்பதை ஒரே பார்வையில் காட்டிய காட்சி அது.

இந்தப் பெரிய பெயர்கள் எல்லாம் கருவிகளைக் கட்டிக்கொண்டு கப்பலேறிவிட்டன. ரகுநாதாச்சாரி இங்கேதான் இருந்தார். அவருக்கு வேறொரு கவலை இருந்தது. இரவில் அவர் தொலைநோக்கியில் பார்க்கும் கோள் ஓரிடத்தில் நின்றது. விடிந்தால் தம் உறவினர்கள் கையிலிருக்கும் பஞ்சாங்கத்தில் அதே கோள் வேறிடத்தில் நின்றது. இந்த முரண்பாட்டோடு வாழ்ந்த முதல் தலைமுறைத் தமிழர் அவர் எனலாம். போக்சனுக்கு அந்தச் சிக்கல் இல்லை. வாக்கியம் மட்டும் அறிந்தவருக்கும் இல்லை. இரண்டையும் அறிந்தவருக்கே அது முள்.

அவர் இரண்டில் ஒன்றை எறிந்துவிடவில்லை. பார்வைக்கு ஒத்த திருக்கணிதப் பஞ்சாங்கத்தைக் கணித்து வெளியிட்டார். 1874 டிசம்பர் 9 அன்று வெள்ளி சூரியனைக் கடக்கவிருந்ததை ஒட்டி, பொதுமக்களுக்காக ஆங்கிலத்திலும் இந்திய மொழிகளிலும் ஒரு சிறு நூலைக் கொண்டுவந்தார். அதை உரையாடல் வடிவில் அமைத்தது கவனிக்கத்தக்கது. நம் பழைய நூல்களில் சீடன் கேட்க ஆசிரியர் சொல்வார். அந்த வடிவத்துக்குள் சூரியனின் தொலைவை அளக்கும் புதிய செய்தியை வைத்தார். லெ ஜெந்திலின் தலைமுறை எதற்காகக் கடல் கடந்து வந்ததோ, அதை ஒரு நூற்றாண்டு கழித்து உள்ளூர்க்காரர் ஒருவர் உள்ளூராருக்கு விளக்கிச் சொன்னார். 1872இல் லண்டன் அரச வானியல் கழகம் அவரை உறுப்பினராக ஏற்றிருந்தது.

தூணில் டாப்பிங்கின் பெயர் இருக்கிறது. ரகுநாதாச்சாரியின் பெயரை நம் பள்ளிப் பாடங்களில் நான் படித்ததில்லை. ஆனால் அண்ணி கையிலிருக்கும் பஞ்சாங்கம் அவருடைய வழியில் வந்தது.

*

பின்வந்த கதையைச் சுருக்கமாகச் சொல்லலாம். தாது வருடப் பஞ்சம் சென்னை மாகாணத்தைச் சூறையாடியபோது, சூரியனின் கரும்புள்ளிகளுக்கும் மழைக்கும் தொடர்பு உண்டா என்ற கேள்வி எழுந்தது. அந்தக் கேள்வியின் விளைவுகளுள் ஒன்று, கொடைக்கானல் சூரிய ஆய்வு நிலையம். 1899இல் வானியல் பணி சென்னையிலிருந்து அங்கே மாறியது. 1909இல் ஜான் எவர்ஷெட் கரும்புள்ளிகளிலிருந்து வாயு வெளிநோக்கிப் பாய்வதைக் கண்டறிந்தார். அது அவர் பெயராலேயே வழங்குகிறது. 1904 முதல் அங்கே எடுக்கப்பட்ட சூரியப் படங்கள் நூறாண்டைத் தாண்டிய தொடர்ச்சியான சேமிப்பு. பஞ்சத்துக்கான விடையை அவை தரவில்லை. சூரியனின் வாழ்க்கைக் குறிப்பைத் தந்தன.

1967இல் வைணு பாப்பு ஜவ்வாது மலைக் காவலூரைத் தேர்ந்தெடுத்தார். தெற்கு வானமும் தெரியவேண்டும் என்பது அவர் எண்ணம்; ரிஷோவுக்கு வாய்த்த அதே நற்பேறு. அங்கு 1972இல் நிறுவப்பட்ட ஒரு மீட்டர் தொலைநோக்கி, அவ்வாண்டே வியாழனின் துணைக்கோளான கனிமீட் ஒரு விண்மீனை மறைத்ததைப் பார்த்து, அதற்கு வளிமண்டலம் இருக்கலாம் என்று காட்டியது. (அது அன்று எண்ணியதைவிட மிக மெல்லியது என்று பின்னர் வாயேஜர் கலம் திருத்தியது.) 1977 மார்ச் 10 அன்று யுரேனஸ் ஒரு விண்மீனை நெருங்கியபோது பட்டாச்சார்யாவும் குப்புசாமியும் அங்கிருந்து விண்மீனின் ஒளி கணநேரம் மங்கியதைப் பதிவுசெய்தார்கள். புதிய துணைக்கோள் என்றே முதலில் எண்ணினார்கள். அது யுரேனஸின் வளையம். 1986இல் 2.34 மீட்டர் தொலைநோக்கி இயங்கத் தொடங்கியபோது அதைக் காண பாப்பு இல்லை, 1982இலேயே மறைந்துவிட்டார். 1988இல் ராஜமோகன் காவலூரில் ஒரு குறுங்கோளைக் கண்டார். போக்சனின் வேராவுக்கு 103 ஆண்டுகள் கழித்து இந்தியாவிலிருந்து கண்ட அதற்கு ‘ராமானுஜன்’ என்று பெயர். கண்ணால் கண்டதற்குக் கணக்கர் ஒருவரின் பெயர்.

அதைவிடப் பெரிய எடுத்துக்காட்டு ஒன்று எங்கள் பக்கத்து ஊரோடு தொடர்புடையது. திருவானைக்காவலில் பிறந்த சி.வி. ராமனின் அண்ணன் மகன் சந்திரசேகர், 1930இல் கப்பலில் இங்கிலாந்து செல்கையில், தொலைநோக்கி ஏதும் இல்லாமல் தாளில் கணக்கிட்டு, சாகும் விண்மீனின் நிறைக்கு ஒரு வரம்பு உண்டு என்று கண்டார். 1999இல் விண்ணில் ஏவப்பட்ட எக்ஸ் கதிர்த் தொலைநோக்கிக்குச் ‘சந்திரா’ என்று அவர் பெயரையே வைத்தார்கள். கணக்கு முந்தியது, கண் பின்னால் சென்று அதை உறுதிசெய்துகொண்டிருக்கிறது.

*

2025 நவம்பர் இறுதியில் நண்பர் ஒருவர் தம் சிறு தொலைநோக்கியை எங்கள் மாடிக்குக் கொண்டுவந்தார். முழங்கால் வலியோடு பெரியப்பாவும் படியேறினார். ராசியின் எல்லைக்கோடு எந்தத் தொலைநோக்கியிலும் தெரியாது. அது மனிதர் வகுத்தது. ஆகவே எங்கள் வழக்குக்குத் தீர்ப்பு அன்று கிடைத்திருக்க வழியில்லை. ஆனால் சனி எந்த விண்மீன்களுக்கு நடுவே நிற்கிறது என்பது தெரியும். அதை இரண்டு பஞ்சாங்கங்களிலும் ஒப்பிட்டுப் பார்க்கலாம். அவ்வாண்டு வளையத்தின் விளிம்பு நம்மை நோக்கித் திரும்பியிருந்ததால், சனி ஊசியில் கோத்த ஒற்றை மணிபோல் இருந்தது.

பெரியப்பா வெகுநேரம் குனிந்தே இருந்தார். பிறகு நிமிர்ந்து, “வாக்கியம் எழுதினவர் கையில் இது இருந்திருந்தால் என்ன எழுதியிருப்பார்?” என்று கேட்டார். எவரும் விடை சொல்லவில்லை. “திருத்தித்தான் எழுதியிருப்பார்” என்று அவரே சொல்லிக்கொண்டார்.

மறுநாளும் அவர் கையில் இருந்தது வாக்கியப் பஞ்சாங்கம்தான். அம்மா பரிகாரத்தை இரண்டு தேதிகளிலும் செய்துவிடுவதென்று முடிவெடுத்தார். ஆனால் அன்று மாலை இருட்டத் தொடங்கியதும் பெரியப்பா நண்பர் வருவாரா என்று இரண்டு முறை விசாரித்தார். ரகுநாதாச்சாரி வேண்டியதும் அவ்வளவுதான் என்று எனக்குத் தோன்றியது.